கழுவிக் கொடுத்த குழாய்

சுதந்திரம் வந்து சில வருடங்கள் ஆகியிருந்த சமயம். ராயபுரத்தில் பாதாளச் சாக்கடை போடும் கூட்டத்தில் நான் பள்ளம் தோண்டிக்கொண்டிருந்தேன். புதைக்க வேண்டிய பெரிய சிமெண்டுக் குழாய்கள் மாதக்கணக்கில் தெருவோரம் கிடந்தன. வீடில்லாதவர்கள் அவற்றுக்குள் குடியேறிவிட்டார்கள். ஒரு வாயில் சாக்குத் திரை, மறு வாயில் அடுப்பு.

பள்ளம் நெருங்க நெருங்க ஒவ்வொரு குடும்பமாகக் கிளம்பிப் போனது. கடைசிக் குழாயில் மட்டும் ஒரு பெண் இருந்தாள். புருஷன் துறைமுகத்தில் நிலக்கரி சுமப்பவன். அந்தக் குழாய்க்குள்ளேயே அவளுக்குப் பெண் குழந்தை பிறந்து இரண்டு மூன்று நாள்தான் இருக்கும்.

மேஸ்திரி குழாயை உருட்டச் சொன்னார். யாருக்கும் கை வரவில்லை. எங்களில் வாய்த்துடுக்கான ஒருவன் சட்டென்று சொன்னான்: "புள்ள பெத்த எடம் நைனா. தீட்டு கயியாம தொட மாட்டோம்."

"சாக்கடையில முங்கி எய்ந்திரிக்கிறவனுக்கு இன்னாடா தீட்டு?"

"அது தொயிலு. இது சாமி விசயம். வேணும்னா நீயே உருட்டு."

மேஸ்திரிக்கே சிரிப்பு வந்துவிட்டது. அவரும் பிள்ளைகுட்டிக்காரர். தீட்டுக் கழியட்டும் என்று எங்களை அடுத்த தெருவுக்கு அனுப்பினார். அவளுக்குக் கொஞ்ச நாள் கிடைத்ததில் எங்களுக்குச் சந்தோஷம். சாக்குக்குப் பின்னால் அவள் எல்லாவற்றையும் கேட்டுக்கொண்டிருப்பாள் என்று ஒருவருக்கும் தோன்றவில்லை.

மறுநாள் காலை, விட்டுப்போன கடப்பாரையை எடுக்கப் போனேன். அவள் தெருப் பம்பிலிருந்து தண்ணீர் கொண்டுவந்து குழாயின் உட்புறத்தைத் தேய்த்துக் கழுவிக்கொண்டிருந்தாள். அவளுக்கு நிற்கவும் தெம்பில்லை. புருஷன் குழந்தையோடும் சட்டிபானையோடும் நடைபாதையில் நின்றிருந்தான். பெண்களிடம் பேசவே கூசுகிற நான் அன்று ஓடிப்போய், "அது சும்மா சொன்னதும்மா. நீ இருக்கணும்னுதான்" என்றேன்.

"தெரியும்ணா. பொய்யா இருந்தாலும் காதுல வியுந்துட்ச்சே. எம் பொண்ணு பொறந்த எடத்தத் தீட்டுன்னு யாரும் சொல்லக்கூடாது. கய்விட்டேன். எட்த்துக்கோங்க."

காசிமேட்டுப் பக்கமாக நடந்தார்கள். பிறகு அந்தப் பக்கம் போகும்போதெல்லாம் தேடியிருக்கிறேன். கண்ணில் படவில்லை.

அந்தக் குழாயை நாங்கள்தான் புதைத்தோம். இன்று அதன்மேல் பஸ் ஓடுகிறது. ஊர் அழுக்கெல்லாம் ஓடப்போகிற ஒன்றை, பெற்ற உடம்போடு அவ்வளவு சுத்தமாகக் கழுவி எங்கள் கையில் கொடுத்துவிட்டுப் போனாளே என்று நினைத்தால், அந்தத் தெருவில் கால் வைக்க இன்றும் எனக்குக் கூசுகிறது.