பவுடர் போட்டுக் கூட்டி வந்த பேஷண்ட்

மாட்டு வண்டி வாசலில் நிற்பதற்கு முன்பே சோப்பு வாசனை வந்துவிட்டது. பின்னாலேயே பவுடர் வாசனை...

எழுபத்தெட்டா, எழுபத்தொன்பதா, வருஷம் சரியாக நினைவில்லை. சின்னமனூர்ப் பக்கம் ஒரு சின்ன அரசாங்க ஆஸ்பத்திரி. நான் அங்கே நர்ஸ். போடி பஜாரில் ஜவுளிக்கடை வைத்திருந்தவர் மகள். கஞ்சி போட்ட வெள்ளை யூனிஃபார்மில் ஒரு துளி கறை பட்டாலும் அன்றைக்கு முழுக்க முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டுதான் திரிவேன். கூட வேலை பார்த்த தோழிகள் இதைப் படித்தால் சிரிப்பார்கள்.

பங்குனி மத்தியானம். வண்டியிலிருந்து நாலு பேர் சேர்ந்து ஒருவரை இறக்கினார்கள். நாற்பது வயதிருக்கும். தலை ஈரம். வெளுத்த வேட்டி, மடிப்புக் கலையாத சட்டை, நெற்றியில் திருநீறு, கழுத்தெல்லாம் பவுடர். கல்யாண வீட்டுக்குப் புறப்பட்டவர் மாதிரி இருந்தார்... ஆனால் ஆளுக்கு நினைவு அரைகுறை. வாயோரம் எச்சில் வழிந்துகொண்டே இருந்தது.

கூட வந்தவர் அவருடைய மனைவி. பேச்சியம்மா என்று பெயர்.

"வெயில்ல மயங்கி விழுந்துட்டாக நர்சம்மா. திராட்சத் தோட்டத்து வேல..."

"எப்ப விழுந்தாரு?"

"ஒரு மணி நேரமிருக்கும். வீட்டுக்குத் தூக்கிட்டுப் போயி, தலையோட குளிப்பாட்டி, துணி மாத்திக் கூட்டியாறோம்."

எனக்கு வந்ததே கோபம்.

"மயங்கிக் கெடக்குற ஆளக் குளிப்பாட்டிட்டு இருந்தீகளாக்கும்? பவுடர் வேற. பொண்ணு பாக்கவா கெளம்புனீக?"

எல்லார் முன்னாலும் கேட்டுவிட்டேன். அந்த அம்மா தலையைக் குனிந்துகொண்டார்.

வெயில் மயக்கம் என்றால் உடம்பு கொதிக்கும், நாடி ஓட்டமாக ஓடும். அதைத்தான் எதிர்பார்த்து மணிக்கட்டைப் பிடித்தேன். கை சில்லென்று, நசநசவென்று வியர்த்திருந்தது. வாட்சைப் பார்த்து ஒரு நிமிஷம் முழுசாக எண்ணினேன். நாற்பத்தெட்டு. தப்பாக எண்ணிவிட்டேனோ என்று இன்னொரு நிமிஷம். அதே நாற்பத்தெட்டு. அக்குளில் வைத்த தெர்மாமீட்டரில் காய்ச்சலே இல்லை. மூச்சு விடும்போது நெஞ்சுக்குள் கரகரவென்று சத்தம்.

டார்ச் அடித்துக் கண்ணைப் பார்த்தேன். கண்மணி குண்டூசி முனை அளவுக்குச் சுருங்கிக் கிடந்தது.

இது வெயிலின் வேலை இல்லை.

"உண்மையச் சொல்லுங்க. தோட்டத்துல பூச்சி மருந்து அடிச்சாரா?"

பேச்சியம்மா கூட வந்தவர்களைப் பார்த்தார். பிறகு என்னைப் பார்த்தார்.

"காலையில இருந்து அடிச்சாக. சட்டகூடப் போடல. மேலெல்லாம் ஒழுகிப்போச்சு. சத்தியமாக் குடிக்கலம்மா... மருந்துன்னு சொன்னா, குடிச்சிட்டாருன்னு போலீசு கேசாக்கிருவாகன்னு இவுகல்லாம் சொன்னாக. அதான்..."

டாக்டரைக் கூப்பிட ஓடினேன். வந்தவுடன் பூச்சி மருந்தின் விஷத்தை முறிக்கிற அட்ரோபின் ஊசி போட்டார். கொஞ்ச நேரத்தில் இன்னொன்று. அப்புறம் இன்னொன்று. எச்சில் வற்றி, நாடி ஏறுகிற வரைக்கும் போட்டுக்கொண்டே இருக்க வேண்டும்.

கட்டிலுக்குப் பக்கத்தில் ஸ்டூலைப் போட்டு உட்கார்ந்துவிட்டேன். மானிட்டர் எல்லாம் ஏது... என் விரலும் வாட்சும்தான். ஐம்பத்திரண்டு... ஐம்பத்தாறு... திரும்பவும் ஐம்பது...

ஒவ்வொரு தடவையும் கால்மாட்டில் நின்றுகொண்டு பேச்சியம்மா கேட்பார். "எம்புட்டும்மா?"

நான் எண்ணைச் சொல்வேன். அது நல்லதா கெட்டதா என்று அவருக்குத் தெரியாது. என் முகத்தைப் பார்த்துத்தான் தெரிந்துகொள்வார். ஐம்பதுக்கு இறங்கியபோது முகத்தை எங்கே கொண்டுபோய் வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. அந்த மனுஷன் போய்விட்டால் இந்த அம்மாவிடம் நான் கடைசியாகப் பேசிய பேச்சு அந்தப் பவுடர் பேச்சாகத்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டே திரும்பவும் நாடியைப் பிடித்தேன்.

சாயங்காலம் நாடி தொண்ணூறைத் தாண்டியது. வாய் உலர்ந்து, கண்ணைத் திறந்து தண்ணீர் கேட்டார். பேச்சியம்மா அப்போதுதான் தரையில் உட்கார்ந்தார்.

டாக்டர் கை கழுவிக்கொண்டே சொன்னார். "தோல்ல பட்ட மருந்த சோப்புப் போட்டுக் கழுவி, துணிய மாத்துறதுதான் மொத வேல சிஸ்டர். அந்தம்மா அத வீட்லயே செஞ்சு முடிச்சிட்டு வந்திருக்கு. இல்லேன்னா ஆளு இங்கன வந்தே சேந்திருக்க மாட்டாரு."

எதைச் சொல்லித் திட்டினேனோ, அதுதான் அவரைக் காப்பாற்றியிருந்தது.

நாலைந்து நாளில் வீட்டுக்குக் கிளம்பினார்கள். மன்னிப்புக் கேட்க எனக்கு வாய் வரவில்லை. சுற்றி வளைத்து, "மருந்து பட்டா உடனே கழுவணும்னு ஒங்களுக்கு யாரு சொல்லிக் குடுத்தாக?" என்று கேட்டேன்.

"அதெல்லாம் எனக்கென்னம்மா தெரியும்" என்று சிரித்துவிட்டு அவரே சொன்னார்.

"போன வருசம் மகளுக்குக் காய்ச்சல்னு நடவு வயல்ல இருந்து அப்பிடியே தூக்கியாந்தேன். மேலெல்லாம் சேறு. 'இப்பிடியா ஆஸ்பத்திரிக்குக் கூட்டியாருவீக, போயிக் கழுவிட்டு வாங்க, அப்பறம் தொட்டுப் பாக்குறேன்'னு சொன்னீக. அதான், இவுகளையும் தொடாமப் போயிருவீகளோன்னு..."

"யாரு... நானா?"

"நீங்கதாம்மா. கொறையாச் சொல்லல. கழுவிட்டு வந்தப்பறம் நல்லாத்தான் பாத்தீக. புள்ள பொழச்சுக்கிச்சு."

வண்டி போய் வெகு நேரம் கழித்தும் வாசலிலேயே நின்றுகொண்டிருந்தேன்.

போன மாதம் முழங்கால் வலிக்காக தேனியில் ஒரு ஆஸ்பத்திரிக்குப் போனேன். விரலில் சின்னதாக ஒரு கிளிப்பை மாட்டினார்கள். நாடி, ஆக்ஸிஜன் எல்லாம் எண்ணாக வந்து நின்றது. எண்ணவும் வேண்டாம், வாட்சும் வேண்டாம். நல்ல வசதி. அதற்குச் சேறும் தெரியாது, சோப்பும் தெரியாது. யார் விரலாக இருந்தாலும் பிடித்துக்கொள்ளும். எனக்குக் கொஞ்சம் பொறாமையாகக்கூட இருந்தது.

பேச்சியம்மாவிடம் அப்படிச் சொன்னது எவ்வளவு யோசித்தாலும் எனக்கு நினைவுக்கு வரவே இல்லை. சொன்ன எனக்கு அது அன்றோடு போயிற்று... கேட்டவருக்குப் போகவில்லை.

இன்னும் எத்தனை பேரைக் கழுவிவிட்டு வரச் சொல்லி அனுப்பினேனோ. அவர்களில் யாராவது திரும்பி வராமலே போனார்களோ.