ஆகாதென்று ஒதுக்கிய படம்

கோபம் வந்தால் நான் சுத்தம் செய்ய ஆரம்பித்துவிடுவேன். வீட்டில் என்றால் அலமாரி, கடையில் என்றால் கம்ப்யூட்டர். சங்கரன்கோவில் பஸ் ஸ்டாண்ட் பக்கம் ஜெராக்ஸும் பாஸ்போர்ட் சைஸ் போட்டோவும் எடுக்கிற சின்னக் கடை என்னுடையது. அன்று கம்ப்யூட்டர் ஒவ்வொரு சொடுக்குக்கும் யோசித்து யோசித்து நகர்ந்தது. வேகம் கூட்டும் சாஃப்ட்வேரை ஓட்டி, பழைய போட்டோக்களை மொத்தமாக அழித்தேன். பிறகு அந்த சாஃப்ட்வேரின் மேலேயே எரிச்சல் வந்து அதையும் தூக்கினேன். போகிற போக்கில், ‘இந்த ஃபைலை வேறு புரோகிராமும் பயன்படுத்தலாம், அழிக்கவா?’ என்று திரையில் ஒரு கேள்வி வந்தது. படிக்காமலே ஆமாம் என்று தட்டினேன்.

இரண்டு நாள் கழித்து, திருவேங்கடத்திலிருந்து பஸ்ஸில் வந்து இறங்கி ஒரு பெண் கடைக்கு வந்தார். விசைத்தறியில் வேலை பார்த்த அவருடைய கணவர் போன மாதம் இறந்துவிட்டார். மூன்று வருஷத்துக்கு முன்னால் எங்கள் கடையில்தான் போட்டோ எடுத்தாராம்.

“மொதல்ல ஒண்ணு சிரிச்சாப்ல விழுந்துட்டு, இது ஆகாதுன்னு வேற எடுத்திய. அந்தச் சிரிச்ச படம் இருக்கா அண்ணாச்சி? வீட்டுல இருக்கது எல்லாமே மொறைச்ச படம்.”

அழித்துவிட்டேன் என்று உண்மையைச் சொன்னேன். அவர் திட்டவில்லை. பெஞ்சில் உட்கார்ந்து, கொஞ்சம் பாருங்க என்று மட்டும் சொன்னார். திட்டியிருந்தால் தேவலை.

அழிந்ததை மீட்கும் சாஃப்ட்வேர் ஒன்றும் இருந்தது. திறந்தால், அது ஓடுவதற்குத் தேவையான டிஎல்எல் ஃபைல் ஒன்றைக் காணோம் என்று நின்றுவிட்டது. இரண்டு சாஃப்ட்வேரும் ஒரே கம்பெனியுடையவை, அந்த ஃபைல் இரண்டுக்கும் பொது. இரண்டு வீட்டுக்கு ஒரே தண்ணீர் மோட்டார் மாதிரி. ஒரு வீட்டைக் காலி செய்தபோது மோட்டாரையும் கழற்றி எறிந்திருக்கிறேன். என்னிடம் இருந்தது பழைய பதிப்பு, அது இப்போது நெட்டில் கிடைப்பதில்லை. புதிதாக எதையாவது ஏற்றினாலோ, அழிந்த படம் கிடக்கிற இடத்திலேயே போய் அது உட்கார்ந்துவிடலாம்.

அந்த ஃபைல் இன்னொரு கம்ப்யூட்டரில் நிச்சயம் இருக்கும். எதிர்வரிசைக் கடையில். அங்கே இருப்பவன் என் பழைய கூட்டாளி. ஒன்றாகத்தான் கடை போட்டோம். ஒருநாள் கோபத்தில், நீ இல்லாவிட்டாலும் கடை ஓடும் என்று சொல்லிவிட்டேன். மறுநாளே, ஒரே மாதிரி சாஃப்ட்வேர் ஏற்றியிருந்த இரண்டு கம்ப்யூட்டரில் ஒன்றைத் தூக்கிக்கொண்டு போனான். இரண்டு வருஷமாகப் பேச்சு இல்லை.

ரோட்டைத் தாண்டுவதற்குள் மூன்று தடவை திரும்பிவிடப் பார்த்தேன். விஷயத்தைச் சொன்னதும், அந்தப் புரோகிராமை அப்படியே பென்டிரைவில் ஏற்றினான். கை நீட்டினேன், தரவில்லை.

“நானே வாரேன். நீரு கைய வச்சா மிச்சமும் போயிரும்வே.”

என் நாற்காலியில் உட்கார்ந்து, பென்டிரைவிலிருந்தே ஓட்டினான். தேடும் கோடு மெல்ல நகர்ந்தது. பக்கத்தில் நின்றுகொண்டு, அன்றைக்கு நான் சொன்னது தப்பு என்றேன். அவன் திரையிலிருந்து கண்ணை எடுக்கவில்லை.

“கடை ஓடத்தான செய்யுது.”

அவன் குத்திக்காட்டவில்லை, நிஜத்தைத்தான் சொன்னான். அதனால்தான் வலித்தது.

அழித்த படங்களில் பாதிக்கு மேல் திறக்கவே இல்லை. சில கழுத்துக்குக் கீழே சாம்பல் நிறமாக நின்றன. ஒவ்வொன்றையும் அந்தப் பெண்ணுக்குக் காட்டிக்கொண்டே வந்தோம், இல்லை இல்லை என்று தலையாட்டினார். ஒரு பஸ்ஸை விட்டுவிட்டார். மதியத்துக்குக் கொஞ்சம் முன்னால் முழுசாக ஒரு முகம் வந்தது. நீலத் துணிக்கு முன்னால், கண் இடுங்க, பல் தெரியச் சிரிக்கிற மனிதர்.

அந்தப் பெண் எழுந்து வந்து திரைக்குப் பக்கத்தில் நின்றார். அழுதார். பிறகு முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு எங்கள் இருவரையும் பார்த்தார்.

“அன்னைக்கு லைட்ட எங்கன வைக்கதுன்னு நீங்க ரெண்டு பேரும் சண்ட போட்டிய. அதப் பாத்துத்தான் அவுக சிரிச்சாக.”

எனக்கு அது ஞாபகமே இல்லை. கூட்டாளி எழுந்து, என்னைக் கேட்காமலே கீழ் டிராயரைத் திறந்து போட்டோ பேப்பரை எடுத்தான்.