மாறியோ, மாற்றியோ

காலை ஐந்து மணி பத்து நிமிஷத்துக்குப் போன் அடித்தது. எடுத்ததும் கீழ்வீட்டு இசக்கிசெல்வி, "டீச்சர், வண்டி நின்னு போச்சு" என்றாள். எங்கே என்று கேட்டேன். "பி.எம்.ஜி. ஏத்தத்துல." தாணு அண்ணா எங்கே என்று கேட்டேன். "மெடிக்கல் காலேஜுல இருக்கோம். அவங்க போயிட்டாங்க" என்றாள்.

இந்த வரிசையில்தான் செய்தி வந்தது. முதலில் வண்டி, பிறகு மனிதர். அவளை நான் குறை சொல்லவில்லை. அந்த வண்டி வழியில் நிற்கும் என்பதைத்தான் அவளால் முதலில் நம்ப முடியவில்லை போலிருக்கிறது. 2001 பிப்ரவரி இருபது, செவ்வாய்க்கிழமை. அவள் புருஷன் தாணுமாலையனுக்கு நாற்பத்தாறு வயது.

கரமனையில் ஒரே வீட்டில் கீழே அவர்கள் குடும்பம், மேலே நானும் என் பெண்ணும். என் வீட்டுக்காரருக்கு மங்களூரில் பாங்க் வேலை, மாதத்துக்கு இரண்டு முறை வருவார். தாணு அண்ணாவுக்குச் சுசீந்திரம் சொந்த ஊர். இருபத்திரண்டு வருஷமாகச் சாலைக் கடைத்தெருவில் ஒரு பாத்திரக் கடையில் வேலை. என்னை டீச்சர் என்பார். நான் பள்ளிக்கூடத்தில் கணக்குச் சொல்லிக் கொடுப்பவள். கணக்கில் என்னைவிட அவர்தான் கெட்டிக்காரர் என்பது இரண்டு வீட்டுக்கும் தெரியும்.

1997-இல் ஒருநாள் மாடிப்படி ஏறி வந்து, "டீச்சர், பாதிக் காரு வாங்குகீளா?" என்று கேட்டார். கடை முதலாளியின் மருமகன் ஒரு வெள்ளை எண்ணூறு சி.சி. வண்டியை விற்கிறாராம். ஆறு வருஷப் பழசு. தனியாக வாங்க இரண்டு வீட்டுக்கும் வசதி இல்லை. சேர்ந்து வாங்கினால் முடியும். ஒற்றைத் தேதி அவருக்கு, இரட்டைத் தேதி எனக்கு. முப்பத்தொன்றாம் தேதி வந்தால் அடுத்தடுத்து இரண்டு நாள் அவருக்குப் போய்விடுமே என்று நான் கேட்டேன். "அன்னைக்கு வண்டிக்கு லீவு டீச்சர். கழுவுகதுக்கு ஒரு நாள் வேண்டாமா?" என்றார். நாலு வருஷமும் முப்பத்தொன்றாம் தேதிகளில் அவர்தான் வண்டியைக் கழுவினார்.

முதல் முறை அதைச் சுசீந்திரத்துக்கு ஓட்டிக்கொண்டு போனபோது நாங்களும் கூடப் போயிருந்தோம். அவருடைய அண்ணன் பிச்சைக்கனி வாசலிலேயே பிடித்துக்கொண்டார்.

"ஏலே தாணு, பாதிக் காருன்னா எந்தப் பாதிலே ஒனக்கு?"

"எஞ்சின் பாதி எனக்கு. டிக்கி டீச்சருக்கு."

"அப்போ பெட்ரோல் டேங்கு டீச்சர் பக்கம்லா இருக்கு? நீ சாமர்த்தியக்காரன்தாம்லே!"

எல்லாரும் சிரித்தோம். தாணு அண்ணாதான் அதிகம் சிரித்தார்.

கடைத்தெருவில் யாராவது கார் வாங்கப் போகிறோம் என்றால் அவரிடம்தான் யோசனை கேட்பார்கள். விலையைப் பற்றி அவர் பேசவே மாட்டார். "அஞ்சு வருஷத்துல எத்தனை நாளு ஒர்க்‌ஷாப்புல கெடந்துதுன்னு கேளும் வேய். அதாக்கும் வெலை" என்பார். எங்கள் வண்டி நாலு வருஷத்தில் பதினோரு நாள் கிடந்தது. ஊருக்குள் லிட்டருக்குப் பதினைந்து, நாகர்கோவில் ரோட்டில் பதினெட்டு. டயரும் பாட்டரியும் இன்ஷூரன்ஸும் சேர்த்து ஒரு கிலோமீட்டருக்கு என்ன ஆகிறது என்று வருஷக் கடைசியில் சொல்லுவார். "பெட்ரோலு மட்டும் செலவில்ல கேட்டீளா. பிரேக்கு தேயுது, கிளட்சு தேயுது. டீச்சரு ஓட்டும்போ பக்கத்துல இருக்கப்பட்டவன் பல்லும் தேயுது."

அவருக்கு ஒரு வழக்கம் இருந்தது. எந்தச் சாமானை மாற்றினாலும் பழையதைக் கையோடு வாங்கி வந்துவிடுவார். தேய்ந்த பிரேக் கட்டை, கறுத்த பிளக், கிழிந்த ரப்பர் எல்லாம் ஒரு எவர்சில்வர் தூக்கில் கிடக்கும். சாமானை மாற்றாமலே மாற்றியதாகச் சொல்லும் ஆட்கள் உண்டு, பழசு கையில் இருந்தால் பேச்சே இல்லை என்பது அவர் கட்சி. எங்கள் வண்டியைப் பார்க்கும் மெக்கானிக் புவனேந்திரன் ஆசான் அப்படிப்பட்டவர் இல்லை. ஆனாலும் அவரிடமும் கேட்டு வாங்குவார். ஆசான் சிரித்துக்கொண்டே பொட்டலம் கட்டிக் கொடுப்பார். கூலியை மாதக் கடைசியில் மொத்தமாக இவர் போய்க் கொடுப்பார்.

எல்லாவற்றையும்விட அவருக்குப் பெருமை ஒன்றில்தான். எங்கள் வண்டி ஒரு நாள்கூட வழியில் நின்றதில்லை. யாரும் அதைத் தள்ளியதில்லை. "நிக்குற வண்டியில்ல இது" என்று அதன் தலையில் தட்டுவார், மாட்டைத் தட்டுவதுபோல.

பிப்ரவரி ஆரம்பத்தில் காலையில் ஸ்டார்ட் செய்தால் கீச்சென்று ஒரு சத்தம் வந்தது. அவர் கேட்டுவிட்டு, சத்தம் வெளியே இருக்கும் பெல்ட்டில், அது பெரிய காரியமில்லை என்றார். "ஆனா உள்ள ஒரு பெல்ட்டு உண்டு டீச்சர். டைமிங் பெல்ட்டு. நம்ம வண்டி எழுபத்தஞ்சாயிரம் தாண்டியாச்சு. அது சத்தமெல்லாம் போடாது. ஒருநாள் அறும், வண்டி அந்தாக்குல நிக்கும். நாளைக்கு உங்க நாளுல்லா? ஆசான்கிட்ட சொல்லி அத மாத்திப் போடுங்க."

மறுநாள் எட்டாம் தேதி. பள்ளிக்கூடத்துக்கு நேரமாகிவிட்டது. ஒர்க்‌ஷாப் வாசலில் எஞ்சினை அணைக்காமலே இறங்கி, "ஆசானே, பெல்ட்டின்றெ காரியமாணு. சப்தமும் உண்டு" என்று மலையாளத்தில் சொன்னேன்: பெல்ட் விஷயம், சத்தமும் இருக்கிறது. "நோக்காம் டீச்சரே" என்றார். சாவியைக் கொடுத்துவிட்டு பஸ் பிடித்தேன்.

சாயங்காலம் போனேன். "ஆசானே, மாறியோ?" என்று கேட்டேன். "மாறி டீச்சரே. ஒக்கெ மாறி" என்றார். ஸ்டார்ட் செய்தேன். கீச்சென்ற சத்தம் இல்லை. வந்துவிட்டேன்.

நான் இந்த ஊரில் பிறந்தவள். வீட்டில் தமிழ், பள்ளிக்கூடத்தில் மலையாளம். நான் பேசினால் தமிழ்க்காரி என்று யாரும் கண்டுபிடிக்க மாட்டார்கள் என்று எனக்கு ஒரு எண்ணம். ஆனால் மலையாளத்தில் ஒரு சாமானைக் கழற்றி வேறு போட்டாயிற்றா என்று கேட்க 'மாற்றியோ' என்று கேட்கவேண்டும். 'மாறியோ' என்றால் ஜுரம் விட்டதா, வலி போயிற்றா, சத்தம் நின்றதா என்று அர்த்தம். வாயில் பாதி தமிழும் பாதி மலையாளமுமாக, அவசரத்தில், நான் 'மாறியோ' என்று கேட்டேன். சத்தம் போயிற்றா என்று கேட்கிறேன் என ஆசான் எடுத்துக்கொண்டார். போயிற்று என்றார். அவர் சொன்னது நிஜம். வெளி பெல்ட்டை இழுத்துக் கட்டியிருந்தார். உள் பெல்ட்டை அவர் தொடவே இல்லை.

அன்று ராத்திரி தாணு அண்ணா கடையிலிருந்து வந்ததும் கேட்டார். "மாத்தியாச்சா டீச்சர்?"

"ஆச்சு அண்ணா. எல்லாம் மாறிடுத்துன்னு சொன்னார்."

"பழசு வாங்கினீளா?"

அது எனக்கு நினைவே இல்லை. "ஆசான் தூக்கிப் போட்டிருப்பார்" என்றேன். அவர் என்னைப் பார்த்தார். ஏதோ கேட்க வாய் எடுத்தார். பிறகு, "சாரமில்ல, டீச்சர் சொன்னாப் போரும்" என்று உள்ளே போனார். ஒர்க்‌ஷாப் ஐந்து நிமிஷ நடை. வேறு யார் போய்விட்டு வந்திருந்தாலும் மறுநாள் காலையில் அங்கே நின்றிருப்பார். போனால் என்னைச் சந்தேகப்பட்டதாக ஆகும் என்று அவர் போகவில்லை.

பன்னிரண்டு நாள் ஓடியது.

இருபதாம் தேதி விடிகாலை நாலே காலுக்கு அவருக்கு வேர்த்திருக்கிறது. காஸ் டிரபிள் என்று சுக்கு வெந்நீர் குடித்திருக்கிறார். வலி இடது கைக்கு இறங்கியதும் ஆஸ்பத்திரிக்குப் போகலாம் என்று எழுந்தார். என்னை எழுப்பலாம் என்று இசக்கிசெல்வி சொன்னாளாம். "வேண்டாம், ஸ்கூலு உண்டு அவங்களுக்கு" என்று தானே ஓட்டினார். கேட்டைத் திறக்கும்போது, "இன்னைக்கு டீச்சர் நாளுல்லா" என்று வேறு சொன்னாராம். வண்டி கிளம்பும் சத்தம் என் தூக்கத்தில் கேட்டது. கோவிலுக்குப் போகிறார் என்று நினைத்துப் புரண்டு படுத்தேன்.

பி.எம்.ஜி. ஏற்றத்தில் வண்டி நின்றது. இசக்கிசெல்வி ஆட்டோவைக் கைகாட்டப் போனாள். "அஞ்சு நிமிஷம் செல்வி. நிக்குற வண்டியில்ல இது" என்று இறங்கி, பானட்டைத் திறந்து, டார்ச்சை வாயில் கடித்துக்கொண்டு குனிந்திருக்கிறார். அவருக்கு நெஞ்சுவலி, அவர் எஞ்சினைப் பார்க்கிறார். எது எதையோ கழற்றினார், தொட்டார், மறுபடி ஸ்டார்ட் செய்தார். ஐந்து நிமிஷம் இருபது நிமிஷமானது. உள் பெல்ட் புதுசு என்று அவர் நம்பியதால் அந்தப் பக்கம் பார்த்திருக்க மாட்டார். அது அறுந்தது என்று தெரிந்திருந்தால், ரோட்டில் வைத்து ஒன்றும் செய்ய முடியாது என்பதும் தெரிந்திருக்கும். உடனே ஆட்டோ ஏறியிருப்பார். இதை நான் எத்தனை விதமாகப் போட்டுப் பார்த்தாலும் விடை ஒன்றுதான் வருகிறது. கடைசியில் நடைபாதை ஓரத்தில் உட்கார்ந்தார். பால் வண்டிக்காரர் ஒருவர்தான் தூக்கிப் போட்டுக்கொண்டு போனார்.

மூன்றாம் நாள் வண்டியைக் கட்டி இழுத்து ஒர்க்‌ஷாப்புக்குக் கொண்டுபோனேன். ஆசான் மூடியைக் கழற்றிப் பார்த்து, "பெல்ட் பொட்டிப்போயி" என்றார். அறுந்துவிட்டது.

"அது அன்னு மாற்றியதல்லே ஆசானே?"

"ஆரு மாற்றி? டீச்சர் சப்தத்தினல்லே கொண்டுவந்தது? சப்தம் மாறியோன்னு டீச்சர் சோதிச்சு. மாறின்னு ஞான் பறஞ்ஞு." சத்தம் போயிற்றா என்று நான் கேட்டேனாம், போயிற்று என்று அவர் சொன்னாராம்.

அவர் முகத்தில் கோபமில்லை, பயமும் இல்லை. நான் நின்ற இடத்திலேயே நின்றேன். "இரிக்கு டீச்சரே" என்று ஸ்டூலைத் துடைத்துப் போட்டார். எனக்கு உட்காரத் தோன்றவில்லை.

நான் வீடு வருவதற்குள் விஷயம் வந்துவிட்டது. பழைய பெல்ட் அறுந்தது என்று ஒர்க்‌ஷாப் ஆட்கள் பிச்சைக்கனியிடம் சொல்லியிருந்தார்கள். அவர் முன்னறையில் உட்கார்ந்து சத்தமாகப் பேசிக்கொண்டிருந்தார்.

"கிலோமீட்டருக்கு இத்தனை பைசான்னு கணக்குப் போட்டான். ஒரு பெல்ட்ட மாத்த மனசு வரல்ல. மிச்சம் பிடிச்சே செத்தான். யாருக்குலே மிச்சம்?"

தம்பியை இழந்த துக்கம்தான் அப்படிப் பேசியது. ஆனால் வந்தவர் போனவர் எல்லாம் அதையே சொல்ல ஆரம்பித்தார்கள். கடைத்தெருவிலும் அதே பேச்சு. நாலாம் நாள் இசக்கிசெல்வி என்னிடமே கேட்டாள்: "அவ்வோ சொல்லுகது சரிதானோ டீச்சர்? அவங்க எச்சிக்கணக்கு பாத்துத்தான் போனாங்களோ?"

"அப்படியெல்லாம் இல்லடி" என்றேன். அதோடு நிறுத்திக்கொண்டேன்.

அதற்குப் பிறகு மாடிக்கும் கீழ்வீட்டுக்குமாக ஏறி இறங்கிக்கொண்டிருந்தேன். பால் வேண்டுமா என்று ஒரு தரம், பேப்பர் என்று ஒரு தரம், பிள்ளைகளுக்கு இட்லி என்று ஒரு தரம். ஒவ்வொரு முறையும் சொல்லத்தான் இறங்கினேன். யாராவது இருந்தார்கள். யாரும் இல்லாதபோது அவள் முகம் இருந்தது. பள்ளியில் விடைத்தாள் திருத்தினால் கூட்டல் தப்பியது. பஸ்ஸில் உட்கார்ந்தால் அடுத்த ஸ்டாப்பிலேயே எழுந்து நின்றேன். நான் பேசாமல் இருக்கும் ஒவ்வொரு நாளும் தாணு அண்ணா கஞ்சனாகிக்கொண்டிருந்தார். அவர் வேறு என்னவாக இருந்தாலும் அது இல்லை.

பதினாறாம் நாள் சடங்கு முடிந்து எல்லாரும் போன பிறகு, அவள் பின்கட்டில் அண்டா தேய்த்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் உட்கார்ந்து, எட்டாம் தேதி நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னேன். அவள் கை நிற்கவில்லை. தேய்த்துக்கொண்டே கேட்டாள்.

"பழச வாங்கினீளான்னு அவங்க கேட்டாங்களா?"

"கேட்டார்."

"நீங்க என்ன சொன்னிய?"

"ஆசான் தூக்கிப் போட்டிருப்பார்னு சொன்னேன். எனக்குத் தெரியாது. சும்மா சொன்னேன்."

அண்டாவைக் கவிழ்த்தாள். தண்ணீர் ஓடி முடியும்வரை பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எங்கிட்ட அவங்க அப்பிடி ஒரு நாளும் விட்டதில்ல. கத்தரிக்கா வாங்கினாக்கூட எடை போட்டுப் பாப்பாங்க." பிறகு என்னைப் பார்த்தாள். "அழாண்டாம் டீச்சர். நீங்க அழுதா நான் ஒங்களுக்குச் சமாதானம் சொல்லணும். எனக்கு இப்போ அதுக்கு முடியாது."

நான் அழுகையை நிறுத்திக்கொண்டேன்.

"அவங்க அண்ணங்கிட்ட இத நான் சொல்லுவேன். கடையிலயும் சொல்லுவேன். ஒங்க பேரச் சொல்லித்தான் சொல்லுவேன்."

"சொல்லு."

"நான் சொன்னா நம்ப மாட்டாவ. புருசன் பேரக் காப்பாத்தக் கதை கட்டுகான்னு சொல்லுவாவ. நீங்களும் வரணும். சுசீந்திரத்துல நாலு பேரு இருக்கையில ஒங்க வாயால சொல்லணும்."

"வரேன்" என்றேன்.

"பஸ்ஸுல போவோம்" என்றாள்.

இது நேற்று. எந்த நாள் போவது என்று அவள் இன்னும் சொல்லவில்லை. அதற்குப் பிறகு என்னிடம் பேசவும் இல்லை. காலையில் படியிறங்கும்போது கதவு சாத்தியிருந்தது. தலைமையாசிரியைக்கு ஒரு நாள் விடுப்புக் கேட்டுக் கடிதம் எழுதி வைத்திருக்கிறேன். காரணம் எழுதிவிட்டேன், கையெழுத்தும் போட்டுவிட்டேன். தேதி மட்டும் எழுதவில்லை.