மழைக்குக் கூண்டு இல்லை

துறைமுக அலுவலகத்தில் புயல் கூண்டு ஏற்றுகிறவள் என்பதால் அவளைத் தெருவில் எல்லோரும் கூண்டக்கா என்று கூப்பிட்டார்கள். அந்தப் பெயரில் அவளுக்கு வருத்தம் இல்லை. கூப்பிடுகிறவர்களில் ஒருத்தருக்காவது கூண்டு என்றால் என்னவென்று தெரியாதே என்பதுதான் வருத்தம்.

கூண்டுக்குள் எதுவும் இருக்காது. பிரம்பில் வளைத்து, மேலே கறுப்புத் துணி போர்த்திய கூம்பு ஒன்று, உருளை ஒன்று. எது மேலே, எது கீழே, கூம்பின் முனை எந்தப் பக்கம் பார்க்கிறது என்பதை வைத்து, கடலில் இருக்கும் கப்பல்காரன் எச்சரிக்கை எண்ணைத் தெரிந்துகொள்வான். இப்போது எல்லாக் கப்பலிலும் கம்ப்யூட்டர் வந்துவிட்டது. ஆனாலும் கொடிமரம் நின்றது, கயிறு இருந்தது, கயிற்றை இழுக்க அவள் இருந்தாள். தட்டச்சு வேலைக்கு என்று உள்ளே வந்தவள், கூண்டு ஏற்றுகிறவர் ஓய்வு பெற்றபோது வேறு யாரும் முன்வராததால் அந்த வேலையை வாங்கிக்கொண்டாள். நடுவில் கல்யாணம் ஒன்று நடந்தது. கரைக்கு வருவதற்குள் அது வலுவிழந்து கலைந்தும் போனது. அதைப் பற்றி அவள் பேசுவதில்லை. பேசினால் அந்த ஆளுக்கு மரியாதை கொடுத்த மாதிரி ஆகிவிடும்.

கூண்டு ஏறிய நாளெல்லாம் அவளுக்குத் தலைவலிதான். முதலில் பத்திரிகைக்காரர்கள் வருவார்கள். "மேடம், போன தடவை ரெண்டு, இந்தத் தடவை நாலு. அப்போ டபுள் ஸ்பீடா?" என்று கேட்பார்கள். பிறகு மீன் ஏலக்காரர்கள் வருவார்கள். கடைசியில் அதிகாரி. புதிதாக வந்த அதிகாரி, சுவரில் ஒட்டியிருந்த அட்டவணையைப் பார்த்துவிட்டுக் கேட்டார்.

"அஞ்சு, ஆறு, ஏழு. ஆறை விட ஏழு பெரிய புயல், அப்படித்தானே?"

"இல்ல சார். மூணுமே ஒரே அளவு புயல்தான். நம்ம துறைமுகத்த இடது பக்கம் விட்டுட்டுக் கரையேறினா அஞ்சு. வலது பக்கம் விட்டா ஆறு. நம்ம மேலயோ பக்கத்துலயோ ஏறினா ஏழு."

"அப்போ எட்டு?"

"எட்டு, ஒம்பது, பத்தும் அதே மாதிரி பக்கக் கணக்குதான் சார். ஆனா தீவிரப் புயலுக்கு."

"ஏன் இப்படிக் குழப்புறாங்க? சின்னதுலேருந்து பெருசா வரிசையா வெச்சா ஜனங்களுக்கு ஈசியா இருக்கும்ல?"

அவள் அட்டவணையின் பிரிந்த ஓரத்தைச் சுவரோடு அழுத்திவிட்டாள். நம்பர் புயலுக்கு இல்லை, துறைமுகத்துக்கு என்பதை எத்தனை அதிகாரிகளுக்குச் சொல்வது? புயல் எவ்வளவு பெரியது என்பதற்கு வேறு கணக்கு இருக்கிறது. காற்றின் வேகம் கூடக் கூட தாழ்வு மண்டலம், ஆழ்ந்த தாழ்வு மண்டலம், புயல், தீவிரப் புயல் என்று சூப்பர் புயல் வரைக்கும் படி ஏறிப் போகும். சூப்பர் புயல் நடுக்கடலில் எங்கேயோ நின்றால் இங்கே இரண்டாம் எண்தான் ஏறும். சாதாரணப் புயல் நேராக இங்கே வந்தால் ஏழு. இது புரிய என்ன பெரிய படிப்பு வேண்டும்? கண் இருந்தால் போதும். இந்த ஊரில் பிறந்தவர்களுக்குக் கண்ணுக்குப் பதிலாக வாயை வைத்துப் படைத்துவிட்டார்கள் என்பது அவள் முடிவு.

அந்த வாய்களிலேயே பெரிய வாய் அவளுடைய தங்கையின் கணவருக்கு. அவள் கீழ்வீட்டில் தனியாக இருந்தாள். மாடி வீட்டில் தங்கை குடும்பம். தங்கை கணவருக்குத் தெருமுனையில் கண்ணாடி வெட்டிக் கொடுக்கும் கடை. ஆனால் அவர் உயிர் இருந்தது கைபேசியில். 'வானிலை சொந்தங்கள்' என்று ஒரு வாட்ஸ்அப் குழு. அதில் பாதி ஊர் இருந்தது. காற்று கொஞ்சம் திரும்பினால் போதும், தொண்டையைச் செருமிக்கொண்டு குரல்பதிவு போட ஆரம்பித்துவிடுவார். அவரிடம் இருந்த அளவுகோலில் மூன்றே படிகள். மீடியம், டேஞ்சர், மகா டேஞ்சர். மீடியத்தை அவர் இதுவரை உபயோகித்ததாக யாருக்கும் ஞாபகம் இல்லை.

அவள் அவரை மாப்பிள்ளை என்று கூப்பிட்டாள், வாங்க போங்க என்றாள். அவர்மேல் அவளுக்கு இருந்த மரியாதை மொத்தமும் அந்த 'ங்க'வோடு முடிந்துவிடும்.

"அண்ணி, ஒரு டவுட்டு. பதினொண்ணாம் நம்பர் ஏத்திட்டா ஊரே காலி, அப்படித்தானே?" என்று ஒருநாள் மாடிப்படியில் நிறுத்திக் கேட்டார்.

"பதினொண்ணுன்னா புயல் இல்ல மாப்பிள்ளை. வானிலை மையத்தோட எங்களுக்குத் தொடர்பு அறுந்துபோச்சுன்னு அர்த்தம். எங்களுக்கு ஒண்ணும் தெரியலன்னு அர்த்தம்."

"அதத்தான் அண்ணி நானும் சொல்றேன். தொடர்பே அறுந்துபோகுதுன்னா அது எவ்ளோ பெரிய புயலா இருக்கணும்!"

அவள் சாவியை எடுத்துக் கதவைத் திறந்து உள்ளே போய்த் தாழ்ப்பாள் போட்டுக்கொண்டாள்.

அந்த வருஷம் முதலில் வந்தது ஒரு மிகத் தீவிரப் புயல். பெயரெல்லாம் வைத்து, தொலைக்காட்சியில் சுழல விட்டு, ஊரை ஒரு வாரம் நடுங்க வைத்தார்கள். தங்கை கணவர் அந்த வாரம் சாப்பிட்டாரா என்பதே சந்தேகம். தெருவில் இருந்த ஒவ்வொரு ஜன்னலுக்கும் குறுக்கும் நெடுக்குமாக ஒட்டுநாடா ஒட்ட வைத்தார். துறைமுகத்தில் இரண்டாம் எண்ணுக்கு மேல் ஏறவே இல்லை. புயல் திரும்பி வேறு திசையில் போய்விட்டது. இங்கே ஒரு துணி கூடக் கொடியிலிருந்து விழவில்லை. ஒட்டுநாடாவைச் சுரண்டி எடுக்கத் தெருவுக்கே நகம் தேய்ந்தது.

"நம்மளக் காப்பாத்தினது நம்ம முன்னேற்பாடுதான்" என்று அவர் குரல்பதிவு போட்டார். கீழ்வீட்டில் அதைக் கேட்டுக்கொண்டிருந்த அவளுக்குச் சிரித்துச் சிரித்து விக்கல் வந்தது. கொஞ்ச நாளைக்குத் தெருவில் யாரும் அவரைச் சீந்தவில்லை. எதுவானாலும் கூண்டக்காவைக் கேட்டுக்கொள்ளலாம் என்று பேச்சு வந்தது. அவளும் அதை மறுக்கவில்லை.

அந்த நிலையில்தான் இன்னொன்று வந்தது. அதற்குப் பெயர்கூட இல்லை. வெறும் தாழ்வு மண்டலம். புயல் என்ற படிக்கே ஏறாதது. காலையில் மூன்றாம் எண் கூண்டை ஏற்றச் சொல்லித் தகவல் வந்தது. ஏற்றினாள். கூடவே கனமழை எச்சரிக்கை என்று தனியாக ஒரு தாள் வந்தது. மழை அவர்கள் பிரிவு இல்லை. அதைப் படித்துவிட்டு மழைக்கு உரிய மேஜையில் வைத்தாள். அந்த மேஜைக்காரர் விடுப்பில் இருந்தார்.

மதியச் சாப்பாட்டுக்கு வீட்டுக்கு வந்தபோது தெரு வாசலிலேயே தங்கை கணவர் நின்றிருந்தார்.

"அண்ணி, கீழ இருக்கிற சாமானெல்லாம் மாடிக்கு ஏத்திடலாம். எனக்கு மனசே சரியில்ல."

"எத வெச்சுச் சொல்றீங்க மாப்பிள்ளை?"

"கடைல கண்ணாடியெல்லாம் வேர்த்து வழியுது. இந்த மாதிரி நான் பாத்ததே இல்ல."

அவளால் அடக்க முடியவில்லை. வாய்விட்டுச் சிரித்தாள். "வானிலை மையத்துக்குப் போன் போட்டுச் சொல்லுங்க. அங்க லட்ச லட்சமா மிஷின் வாங்கி வெச்சிருக்காங்க, பாவம். உங்க கண்ணாடிய வாங்கியிருக்கலாம்."

எதிர்வீட்டு இஸ்திரிக்காரர் அப்போது வண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தார். தெருவிலேயே தாழ்ந்த வீடு அவருடையது, வாய்க்காலை ஒட்டி இருந்தது. அவருடைய அப்பா காலில் மாவுக்கட்டோடு கட்டிலில் கிடந்தார். "அக்கா, இவர் கிளம்பிடுங்கன்னு சொல்றாரு. நீங்க சொல்லுங்க. இருக்கலாமா, போகணுமா?" என்று கேட்டார்.

"மூணாம் நம்பர். அது புயலே இல்ல. பேசாம போய்ச் சட்டையத் தேயுங்க" என்றாள். சொல்லும்போது தங்கை கணவரைப் பார்த்துத்தான் சொன்னாள். அவர் முகம் சுருங்கியதைப் பார்க்க அவளுக்கு இனித்தது.

அவள் திரும்பி அலுவலகம் போகும்போது மழை பிடித்துக்கொண்டது. காற்று இல்லை. கொடிமரத்துக் கூண்டு அசையக்கூட இல்லை. அந்தத் தாழ்வு மண்டலம் ஊருக்கு மேலே வந்து, போக மனமில்லாத விருந்தாளியைப் போல உட்கார்ந்துவிட்டது. வானத்திலிருந்து யாரோ வாளி வாளியாகக் கவிழ்த்தார்கள். சாயங்காலத்துக்குள் வாய்க்கால் உடைந்தது.

அவள் இடுப்பளவுத் தண்ணீரில், செருப்பைக் கையில் பிடித்துக்கொண்டு, மின்கம்பத்துக்கு மின்கம்பம் தாவித் தாவித் தெருவுக்கு வந்தாள். அங்கே கண்ட காட்சியை அவள் சாகும்வரை மறக்கப் போவதில்லை. நடுவில் கூரை மாதிரிச் சாய்ந்த சட்டம் வைத்த, கண்ணாடி ஏற்றும் வண்டியின் மேல், இஸ்திரிக்காரரின் அப்பாவைக் கம்பளியால் சுற்றி, கண்ணாடி கட்டும் கயிற்றாலேயே கட்டியிருந்தார்கள். மாவுக்கட்டுக் கால் பீரங்கி மாதிரி முன்னால் நீட்டிக்கொண்டிருந்தது. மகன் பின்னாலிருந்து தள்ள, தங்கை கணவர் முன்னால் கழுத்தளவு நனைந்து இழுத்துக்கொண்டு வந்தார். ஒரு கையில் கைபேசியை உயர்த்திப் பிடித்து, "சொந்தங்களே, மகா டேஞ்சர்! நான் அப்பவே சொன்னேன்!" என்று கத்திக்கொண்டும் வந்தார். உயிரைக் காப்பாற்றும்போது கூட இந்த மனுஷனால் வாயை மூட முடியாதா என்று அவளுக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

கீழ்வீட்டில் அவளுடைய குளிர்சாதனப் பெட்டி மல்லாந்து மிதந்தது. மெத்தை ஊறிப் போயிருந்தது. அவள் மாடி ஏறினாள். வேறு வழி இல்லை.

மாடிக் கூடத்தில் தெருவே உட்கார்ந்திருந்தது. தங்கை எல்லோருக்கும் டீ போட்டுக்கொண்டிருந்தாள். கணவர் துண்டைத் தலையில் சுற்றிக்கொண்டு நடுநாயகமாக இருந்தார்.

"வாங்க அண்ணி, உக்காருங்க. பாத்தீங்கல்ல? கண்ணாடி பொய் சொல்லாது."

அவள் டீயை வாங்கிக்கொண்டாள். கண்ணாடி வேர்த்ததற்கும் இதற்கும் ஒரு சம்பந்தமும் இல்லை, வருஷம் முழுக்கப் பயந்துகொண்டே இருக்கிறவனுக்கு ஒருநாள் சரியாகப் போவது பெரிய விஷயமா என்று கேட்க நாக்கு துடித்தது. ஆனால் எதிரே இஸ்திரிக்காரர் உட்கார்ந்திருந்தார். அவர் முகத்தில் கோபம் இல்லை. அதுதான் சங்கடமாக இருந்தது.

"நீங்க சொன்னதாலதான்க்கா இருந்துட்டோம்" என்றார்.

"நான் சொன்னது தப்பில்லையே. காத்து அடிக்கல பாருங்க. நம்பரும் படியும் காத்துக்குத்தான். மழை அதுல சேராது."

"நாங்க காத்தா மழையான்னு கேக்கலியேக்கா. இருக்கலாமா, போகணுமான்னுதானே கேட்டோம்."

கட்டிலில் இறக்கியிருந்த பெரியவர் டீயை ஊதிக் குடித்துக்கொண்டிருந்தார். அவளுக்குக் காலையில் அடுத்த மேஜையில் வைத்த தாள் கண்முன் வந்தது. அவள் அதைப் படித்திருந்தாள். ஒவ்வொரு வார்த்தையும் புரிந்துதான் படித்திருந்தாள்.

தண்ணீர் வடிந்த பிறகு முதல் வேலையாக அதிகாரியிடம் போனாள். வாசல் கரும்பலகையில் கூண்டு எண்ணோடு மழை எச்சரிக்கையையும் எழுத வேண்டும் என்றாள்.

"அது நம்ம வேலை இல்லியேம்மா. நம்ம போர்டு கப்பலுக்கு. கப்பல் மழையில முழுகுமா?" என்று அவர் தன் ஜோக்குக்குத் தானே சிரித்தார். அற்பப் பதர், என்று நினைத்துக்கொண்டே வெளியே வந்தாள். படியிறங்கும்போது, அந்தச் சிரிப்பை இதற்கு முன் எங்கேயோ கேட்டிருக்கிறோமே என்று தோன்றியது. அது யாருடையது என்று யோசிக்க அவளுக்குப் பிடிக்கவில்லை.

அன்றைக்கே மாடிக்குப் போய், "உங்க குரூப்புல என்னையும் சேத்துவிடுங்க மாப்பிள்ளை" என்றாள். தங்கை அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தாள். அவர் அதைக் குழுவில் அறிவித்த விதம் இருக்கிறதே, ஏதோ எதிரி நாட்டு ராணி சரணடைந்த மாதிரி. அவள் பல்லைக் கடித்துக்கொண்டாள்.

அடுத்த தாழ்வு மண்டலம் உருவானபோது அவள் எழுதிப் போட்டாள்: 'காற்று குறைவு. மழை அதிகம் இருக்கும். வாய்க்கால் ஓரத்தில் இருப்பவர்கள் இன்றே மேலே போகவும்.' ஒருவரும் படித்த மாதிரித் தெரியவில்லை. சற்று நேரத்தில் தங்கை கணவர் அதையே நெருப்புப் படம், கும்பிடும் கை எல்லாம் வைத்து, மகா டேஞ்சர் என்று தலைப்புப் போட்டு அனுப்பினார். தெருவே எழுந்து நின்றது.

"ஏன் இந்தக் கோமாளித்தனம்?" என்று அவரிடம் கேட்டாள்.

"நீங்க எழுதினா ரேஷன் கடை நோட்டீஸ் மாதிரி இருக்கு அண்ணி. யாரு படிப்பா?"

அதில் உண்மை இருந்தது. அதனால் இன்னும் எரிச்சலாக இருந்தது.

இஸ்திரிக்காரர் மட்டும் கீழ்வீட்டுக் கதவைத் தட்டினார். "அவர் போகச் சொல்றாரு. அவர் எப்பவும் அதத்தான் சொல்வாரு. நீங்க சொல்லுங்கக்கா."

தாழ்வு மண்டலத்தின் பாதை, கடலின் வெப்பம், நிச்சயமின்மை எல்லாம் அவள் நாக்கு நுனியில் வந்து நின்றன. விழுங்கிக்கொண்டு, "போங்க. அப்பாவக் கூட்டிட்டு இப்பவே மாடிக்குப் போங்க" என்றாள்.

அந்த மழை வரவில்லை. கடலிலேயே கொட்டித் தீர்த்துவிட்டது. ஒரு பகல் முழுக்க மாடிக் கூடத்தில் வியர்த்து வடிந்துகொண்டு உட்கார்ந்திருந்த தெரு, சாயங்காலம் முணுமுணுத்தபடி பாயைச் சுருட்டியது. "அண்ணிதான் சொன்னாங்க, நான் என்ன பண்றது" என்று தங்கை கணவர் கையை விரித்தார்.

அவள் மாடிப்படியின் நடுவில் நின்று, இறங்குகிறவர்களை மறித்தாள். "ஆமா, நான்தான் சொன்னேன். அடுத்த தடவையும் போகத்தான் சொல்லுவேன். இஷ்டமிருந்தா கேளுங்க, இல்லாட்டி உங்க பிரிட்ஜுக்கு நீச்சல் கத்துக்குடுங்க."

"கரெக்ட் அண்ணி! நானும் அதேதான் சொல்றேன்!" என்று மேலேயிருந்து தங்கை கணவர் உற்சாகமாகக் கத்தினார்.

ஊரே தன்னைத் திட்டியிருந்தாலும் அவள் பொறுத்திருப்பாள். அவர் ஒத்துக்கொண்டதைத்தான் அவளால் தாங்க முடியவில்லை.