நாற்பது விநாடி நின்ற சிக்கந்தர்

அலுவலகத்தில் சாப்பாட்டு டப்பாவைத் திறந்த நேரத்தில் சிக்கந்தரின் தம்பி போனில் கூப்பிட்டான். "அண்ணே, அண்ணன் மவுத்தாயிட்டாருண்ணே. நெஞ்சு வலின்னாரு, ஆஸ்பத்திரிக்குக் கொண்டு போறதுக்குள்ள முடிஞ்சு போச்சு. சாயங்காலம் அசர் தொழுகைக்கப்புறம் அடக்கம். வந்துருங்க." சரி என்றேன். டப்பாவை மூடிவிட்டு பேகம்பூரில் இருக்கும் அவன் வீட்டுக்குக் கிளம்பினேன்.

அடக்கத்துக்கு வந்திருந்த பழைய கூடைப்பந்து ஆட்டக்காரர்கள் பலர், "நீதான்ப்பா அவனப் பத்தி எழுதணும்" என்றீர்கள். செத்துப்போனான் என்பதற்காக ஒருவனைத் தூக்கிவைத்து எழுத எனக்கு வராது. சிக்கந்தர் அப்படியொன்றும் பெரிய ஆட்டக்காரன் இல்லை. இடது பக்கம் பந்து வந்தால் தடுமாறுவான். வாய் ஓயாது. நடுவரோடு மல்லுக்கு நின்றுவிட்டு, ஆட்டம் முடிந்ததும் அவருக்கே டீ வாங்கிக் கொடுப்பான். ஆனால் கூடைக்கு அடியில் அவனைத் தாண்டிப் பந்தை எடுப்பது லேசுப்பட்ட காரியமில்லை என்பது உங்களுக்கும் தெரியும்.

ஆசிய அளவில் ஆண்களுக்கு நடந்த அந்தக் கூடைப்பந்துப் போட்டி உங்களில் பலருக்கு ஞாபகம் இருக்கும். சொந்த நாட்டிலேயே ஆடுகிறவர்களுக்கு மட்டுமான போட்டி. வெளிநாட்டு கிளப்பில் சேர்ந்தவனுக்கு இடம் கிடையாது. அதற்கு முந்தின வருஷம்தான் வளைகுடாவிலிருந்து ஒரு கிளப் சிக்கந்தரைக் கூப்பிட்டது. கூடவே வேலையும் தருவதாகச் சொன்னார்கள். தோல் மண்டி நடத்திவந்த அவன் அத்தா, "போயிட்டு வாடா, இங்க என்ன கொட்டியா கெடக்கு" என்று தினமும் சொன்னார். அவன் போகவில்லை. அகரத்தில் எங்கள் சம்பங்கித் தோட்டத்துக்கு வந்தவன் என்னிடம் சொன்னான்: "அங்கிட்டுப் போனா இந்த டீம்ல எடம் போயிரும் மாப்ள. நாட்டுக்காக ஒரே ஒரு தடவ கோர்ட்ல கால் வச்சிட்டா போதும். அப்புறம் அத்தா எங்க போகச் சொன்னாலும் போறேன்."

பன்னிரண்டு பேர் அணியில் எங்கள் இருவருக்குமே இடம் கிடைத்தது. நான் எல்லா ஆட்டத்திலும் ஆடினேன். அவனைப் பயிற்சியாளர் ஒன்றில்கூட இறக்கவில்லை. பெஞ்சில் இருந்தபடியே அடிக்கடி ஷூ லேஸை அவிழ்த்து, மறுபடி இறுக்கிக் கட்டுவான். "பெஞ்சுல இருக்கவனுக்கும் லேசு இறுக்கமா இருக்கணும்ல" என்பான். சிரிப்போம்.

கடைசி ஆட்டத்தில் இருபது புள்ளிக்கு மேல் பின்தங்கியிருந்தோம். முடிய நாற்பது விநாடி இருக்கும்போது பயிற்சியாளர் அவனைப் போகச் சொன்னார். மேலே போட்டிருந்த பயிற்சிச் சட்டையைக் கழற்றி எறிந்துவிட்டு ஓடிவந்து, புள்ளி குறிக்கிற மேசைப் பக்கம் நின்றான். விசில் அடித்து ஆட்டம் நின்றால்தான் மாற்று ஆள் உள்ளே வர முடியும். நடுவர் விசில் அடிக்கவில்லை. எதிரணி கூடைக்கு எறிந்த பந்து விழவில்லை. திரும்ப அவர்களே எடுத்தார்கள். ஜெயித்த ஆட்டம்தானே, அவர்களில் ஒருவன் என் எதிரில் நின்று சும்மா தட்டிக்கொண்டிருந்தான். அவன் கையில் நான் ஓர் அடி போட்டால் ஃபவுல். நடுவர் விசில் அடிப்பார், சிக்கந்தர் உள்ளே வந்துவிடுவான். ஆனால் எனக்கு அது ஐந்தாவது ஃபவுல். நான் வெளியேற வேண்டும். நாட்டுக்காக ஆடிய கடைசி ஆட்டத்தில் ஃபவுல் செய்து வெளியே போனவன் என்று என் பெயர் எழுதப்படக் கூடாது என்று நினைத்தேன்.

"மாப்ள, அவன் கையத் தட்டுடா! தட்டிரு மாப்ள!" என்று மேசைப் பக்கமிருந்து கத்தினான். களத்தில் நின்ற பத்துப் பேரில் தமிழ் தெரிந்தவன் நான் ஒருவன்தான். நான் கையை நீட்டவில்லை. நேரம் முடிந்துவிட்டது.

உடை மாற்றும் அறையில் அவன் சட்டை வியர்வையில் நனையாமல் உட்கார்ந்திருந்தான். "ஏன் மாப்ள, அம்புட்டுக் கத்துனேனே?"

"கூட்டத்துச் சத்தத்துல காதுல விழலடா" என்றேன். பச்சைப் பொய்.

என் முகத்தைப் பார்த்தான். "அதானே. கேட்டிருந்தா நீ விட்டிருப்பியா?" என்று என் தோளில் கைபோட்டான்.

ஊருக்குத் திரும்பியபோது வளைகுடாக்காரர்கள் வேறு ஆளைப் பிடித்திருந்தார்கள். சிக்கந்தர் அத்தாவோடு மண்டியில் உட்கார்ந்தான். அந்த நாற்பது விநாடியைச் சிரிப்புக் கதையாக்கி எல்லோரிடமும் சொன்னான். யாராவது என்னைக் குறை சொன்னால் மட்டும் கோபம் வந்துவிடும். "ஏலே, அவன் மேல தப்பில்லலே. அவனுக்குக் கேக்கல" என்பான். உண்மையைச் சொல்லிவிடுவது என்று பல தடவை மண்டிக்குப் போயிருக்கிறேன். டீ சொல்வான், குடும்பத்தை விசாரிப்பான். குடித்துவிட்டுத் திரும்பிவிடுவேன். வெட்கமாக இருக்கிறது.

அவனிடமிருந்து என்னிடம் மிஞ்சியிருப்பது, எனக்காக அவன் சொல்லிவந்த அந்தச் சாட்சி ஒன்றுதான். அதை வைத்துக்கொள்ள எனக்கு யோக்கியதை இல்லை. நண்பர்களே, சிக்கந்தர் உங்களிடம் சொன்னது தப்பு. அன்றைக்கு அரங்கம் பாதி காலி. மூன்று தடவை கத்தினான். மூன்று தடவையும் எனக்குக் கேட்டது.