ஊமைப்படத் தணிகாசலம்

செவ்வாய்க்கிழமை காலை பூந்தமல்லியில் பேருந்துக்காக நின்றிருந்தேன். தணிகாசலம் அவர்களின் மகள் கஸ்தூரி கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்தார். "அண்ணா, நைனா பூட்டாரு," என்று அப்பாவின் சாவைச் சொன்னார். நான் ஏற வேண்டிய வண்டி வந்து, நின்று, போயிற்று.

குமணன்சாவடிப் பக்கம் இருந்த கீற்றுக் கொட்டகையில் நான் படம் ஓட்டினேன். அவர் வாசலில் டிக்கெட் கிழித்தார். அவரும் ஒரு காலத்தில் திரையில் இருந்தவர் என்று உள்ளே போனவர்களில் எவருக்கும் தெரியாது.

வேப்பம்பட்டில் விவசாயக் கூலிக் குடும்பத்தில் பிறந்தவர். பட்டணத்துப் படக் கம்பெனி ஒன்றில் குதிரைகளுக்குப் புல் போடச் சேர்ந்தார். குதிரையோடு சுவர் தாண்டக் கதாநாயகன் பயந்த நாளில், அவன் உடுப்பை இவருக்கு மாட்டினார்கள். பிறகு திருடன், காவலாளி, ராஜாவின் ஒற்றன் என்று சின்னச் சின்ன வேடங்கள். படங்கள் இன்னும் பேசத் தொடங்கவில்லை.

ஒரு படத்தில் அவருக்குத் தூக்குத் தண்டனை. இடுப்பில் மறைத்துக் கட்டிய கயிறுதான் உடம்பைத் தாங்க வேண்டும். பலகையை இழுத்ததும் அது அறுந்துவிட்டது. கழுத்துச் சுருக்கு நிஜமாகவே இறுகியது. அவர் காலை உதைத்துத் துடிக்க, "சபாஷ்! இன்னும், இன்னும்!" என்று டைரக்டர் கத்தினாராம். கேமராக்காரர் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டே இருந்தாராம். குதிரைக்காரர் ஒருவர்தான் சந்தேகப்பட்டு ஓடிவந்து காலைத் தாங்கிப் பிடித்தார்.

உயிர் தப்பியது. குரல் போய்விட்டது, மிஞ்சியது ஒரு கரகரப்பு. "அப்பல்லாம் கொரலு எதுக்கு? அதுக்கப்பாலயும் நடிச்சேன்," என்பார். சில ஆண்டுகளில் பேசும்படம் வந்தது. அவரை மைக் முன்னால் நிறுத்தி ஒரு வரி பேசச் சொன்னார்கள். யாரோ சிரித்தார்கள். அதற்கு மேல் அதைப் பற்றி அவர் சொன்னதில்லை.

பத்துப் பன்னிரண்டு ஆண்டுகளுக்கு முன், எண்பதுகளின் நடுவில் ஒரு பொங்கல் சமயம். மேட்னி ஓடிக்கொண்டிருந்தது. ரசிகர்கள் கொளுத்திய வெடி கூரையில் போய் விழுந்து கீற்று பற்றிக்கொண்டது. சனமெல்லாம் ஒரே வாசலுக்குப் பாய்ந்தது. விழுந்தவர்கள் மேல் அடுத்தவர்கள் விழுந்தார்கள். வெளியே நின்ற தணிகாசலம் கொட்டகையைச் சுற்றி ஓடி, திரைக்குப் பக்கத்திலிருந்த தட்டியை உதைத்துப் பிய்த்துக்கொண்டு மேடைமேல் ஏறினார். ஏதோ கத்தினார். அலறலில் யாருக்கும் கேட்கவில்லை.

நான் படத்தை நிறுத்தியிருந்தேன். அவர் என் அறையின் ஓட்டையைப் பார்த்துக் கண்களை மூடித் திறந்து காட்டினார். வெளிச்சம் கேட்கிறார் என்று புரிந்தது. பிலிம் இல்லாமல் வெறும் வெளிச்சத்தை அவர்மேல் அடித்தேன். அவருடைய நிழல் திரையில் கருகருவென்று எழுந்தது. கூட்டம் திரும்பிப் பார்த்தது.

ஒரு கையை உயர்த்தி எல்லாரையும் நிறுத்தினார். மறுகையால் உடைந்த தட்டியைக் காட்டினார். பிறகு குழந்தையை வாரி மார்போடு அணைப்பதுபோல் செய்து, நாலடி நிதானமாக நடந்தார். அவர் தலைக்குமேல் தீ நகர்ந்துகொண்டிருந்தது. என் அறைக்குள் புகை நிரம்பியது. விளக்கை அணைத்தால் அவ்வளவுதான் என்று இருமிக்கொண்டே நின்றேன். கூட்டம் அந்த வழியாக வெளியேறியது. கடைசியில் என்னைப் பார்த்து, "நீயும் போ" என்று கையசைத்தார். நான் தெருவுக்கு வந்தபோது கூரை சரிந்தது.

கை கால் முறிந்தவர்கள் உண்டு. ஒருவரும் சாகவில்லை. இவருக்குத் தோளில் தீக்காயம். ஆஸ்பத்திரியில் கேட்டேன்: "பயமா இல்லியா நைனா?"

"பயந்துகினுதான் நின்னேன். மூஞ்சில தெரிஞ்சுதா?"

"இல்ல."

"அப்போ சரியாத்தான் பண்ணிகீறேன்," என்றார்.

அவர் நடித்த படங்களில் ஒன்றுகூட இன்று கிடைப்பதாகத் தெரியவில்லை.

நேற்று அவர் உடலை எடுப்பதற்குச் சற்று முன், நான் அறியாத ஒரு பெண், பள்ளிச் சீருடையில் இருந்த மகளைக் கூட்டிக்கொண்டு வந்தார். "அன்னிக்கு அந்தக் கொட்டாய்ல இவ என் வவுத்துல இருந்தா," என்றார். சிறுமி குனிந்து அவர் முகத்தை நெடுநேரம் பார்த்தாள்.

"இவரு பேரு இன்னாம்மா?"

தாய்க்குத் தெரியவில்லை. என்னைப் பார்த்தார்.

"தணிகாசலம்," என்றேன். "நடிகர்."

சிறுமி அந்தப் பெயரை ஒருமுறை வாய்க்குள் சொல்லிப் பார்த்தாள். போய் வாருங்கள், நைனா.