பார்மெனோன் என்றொரு பெயர்

பிரான்சில், திஜோன் நகரத்துப் பெண்கள் பள்ளியில் முப்பது வருடத்துக்கு மேல் கிரேக்கம் சொல்லிக்கொடுத்தவள் லியோனி பெரோதன். யாரைப் புதிதாகப் பார்த்தாலும் முதலில் பேரைக் கேட்பாள். கேட்டுவிட்டு அதை வாய்க்குள் போட்டுச் சற்று நேரம் குதப்புவாள். தெருமுனையில் ஃபாவ்ர் என்பவர் கறிக்கடை வைத்த முதல் நாளே, "ஃபாவ்ர்னா கொல்லன். உங்க வம்சத்துல யாரோ கொல்லு வேலை பார்த்திருக்காங்க" என்றாள்.

"எங்கப்பா, தாத்தா எல்லாரும் மாடுதான் வெட்டினாங்க, மத்மசேல்" என்றார் அவர்.

"அதுக்கும் முன்னாடி. அந்தக் கத்தியை அடிச்சவங்க நீங்கதான்."

அன்றிலிருந்து அவளுக்கு மட்டும் எலும்பில்லாத துண்டாகப் பார்த்துப் போடுவார்.

இந்தப் பெயர்ப் பைத்தியம் அவளுக்குத் தனியாகப் பிடித்ததல்ல. லியோன் பல்கலைக்கழகத்தில் படித்தபோது, நூலகத்தில் எதிர் நாற்காலியில் உட்கார்ந்திருந்த அன்செல்ம் கார்னியேவோடு சேர்ந்து பிடித்தது. பழைய கிரேக்க நகைச்சுவை நாடகங்களில் வரும் அடிமைகளின் பெயர்கள் எங்கிருந்து வந்தன என்று இருவரும் தேடினார்கள். சிரியாவில் வாங்கினவனுக்குச் சீரோஸ். உபயோகமாக இருக்கட்டும் என்று ஒனேசிமோஸ். அப்புறம் பார்மெனோன், 'கூடவே இருப்பவன்'.

"விசுவாசமான அடிமை. அதான் அந்தப் பேர்" என்றான் அன்செல்ம்.

"போடா. ஓடிப்போயிடுவானோன்னு பயந்தவன்தான் அப்படிப் பேர் வைப்பான். அது அடிமையோட குணம் இல்ல, எஜமானோட பயம்" என்றாள் லியோனி.

அன்செல்ம் பேனாவைக் கீழே வைத்துவிட்டு அவளையே பார்த்துக்கொண்டிருந்தான். எதுவும் சொல்லவில்லை. சொல்லாமலிருப்பதில் அவன் கெட்டிக்காரன்.

யுத்தம் வந்தது. பிடிபட்ட அன்செல்ம் ஜெர்மனியில் ஐந்து வருடம் கைதி முகாமில் கிடந்தான். லியோனி மாதம் ஒருமுறை பார்சல் அனுப்புவாள். தேன் போட்ட இஞ்சிக் கேக், கம்பளிக் காலுறை, அதற்குள் ஒரு துண்டுக் காகிதத்தில் ஒரே ஒரு கிரேக்கப் பெயர். முகாம் அட்டையில் அவன் அந்தப் பெயரின் வேரைப் பிரித்து எழுதி அனுப்புவான். அந்நிய எழுத்தைக் கண்ட தணிக்கைக்காரன் ஏதோ சங்கேதம் என்று நினைத்து மை பூசி அழித்துவிட்டான். பிறகு இருவரும் பிரெஞ்சு எழுத்திலேயே எழுதிக்கொண்டார்கள். ஐந்து வருடத்தில் தொலையாமல் போய்ச் சேர்ந்தது நாற்பத்தொரு பெயர். நலம் விசாரித்து ஒரு வரி கிடையாது. ஆனால் அட்டை வந்த அன்று வகுப்பில் அவள் குரலே வேறு மாதிரி இருக்கும் என்று மாணவிகள் சொல்வார்கள்.

எலும்பும் தோலுமாகத் திரும்பி வந்தவன் தேறுவதற்குள் ஏதென்ஸில் வேலை கிடைத்தது. அங்கே கல்வெட்டுகளைப் படிக்க வேண்டும். அதே குளிர்காலத்தில்தான் லியோனியின் அம்மாவுக்குப் பக்கவாதம் வந்து வலது பக்கம் விழுந்துவிட்டது. ரயிலடியில் அன்செல்ம் தொப்பியைக் கையில் வைத்துச் சுற்றிக்கொண்டே நின்றான். "அம்மாவுக்கு ராத்திரி தூக்கம் வருதா?" என்று கேட்டான். "வருது" என்றாள். ரயில் கிளம்பிவிட்டது.

மறு வருடம் ஏதென்ஸிலிருந்து நான்கு பக்கக் கடிதம் வந்தது. மூன்றரைப் பக்கம் கல்வெட்டு. கடைசியில் இப்படி எழுதியிருந்தான்: "அந்தப் பார்மெனோன் என்னை விடமாட்டேன் என்கிறான். அதை 'கூடவே இரு' என்று ஏவலாகப் படிக்க வழியே இல்லையா? வியங்கோளாகவாவது, 'கூடவே இருப்பாயாக' என்று? ஒரு பெண்ணைப் பார்த்துச் சொல்வதானால் எப்படி வரும்? யோசித்து எழுது. அவசரமில்லை. ஆனால் எழுது."

லியோனி இரண்டு வாரம் யோசித்தாள். பள்ளி நூலகத்தில் இருந்த இலக்கணங்களையெல்லாம் புரட்டினாள். அம்மாவுக்குக் கஞ்சி ஊட்டிக்கொண்டே யோசித்தாள். பிறகு தெளிவாகப் பதில் எழுதினாள்: "வழியில்லை. அது வினையாலணையும் பெயர். ஏவலுக்கும் வியங்கோளுக்கும் விகுதி வேறு, உனக்குத் தெரியாததல்ல. பெண்பால் வடிவம் மிக அரிது."

அதற்குப் பதில் வரவில்லை. இரண்டு வருடம் கழித்து அச்சடித்த கல்யாண அட்டை வந்தது. மணமகள் பெயர் எவாந்தியா. 'நல்ல பூ' என்று லியோனி தன்னையறியாமல் பிரித்துப் பார்த்தாள். பிறகு அட்டையை அகராதிக்குள் வைத்துவிட்டு அம்மாவைத் திருப்பிப் படுக்கவைக்கப் போனாள்.

அம்மா இன்னும் ஒன்பது வருடம் இருந்தாள். கடைசிக் காலத்தில் அவளுக்கு மகளின் பெயர்கூட மறந்துவிட்டது.

ஆயிரத்துத் தொள்ளாயிரத்து அறுபத்தொன்றில் பாரிஸில் அறிஞர்கள் கூட்டம் ஒன்று நடந்தது. பேசுகிறவர்கள் பட்டியலில் அன்செல்ம் பெயரைப் பார்த்த லியோனி புதுக் கையுறை வாங்கிக்கொண்டு போனாள். தலை நரைத்து, வயிறு போட்டு, மேடையில் நின்றான். அடிமைப் பெயர்களைப் பற்றித்தான் பேசினான். பார்மெனோன் எஜமானின் பயம் என்றான். "இது என் கருத்தல்ல. இருபது வயதில் ஒரு பெண் சொன்னது" என்றான். கடைசி வரிசையில் உட்கார்ந்திருந்த லியோனிக்குக் காது சிவந்துவிட்டது.

கூட்டம் முடிந்து பக்கத்துக் காப்பிக் கடையில் உட்கார்ந்தார்கள்.

"ஏன் எழுதறதை நிறுத்திட்ட?" என்று கேட்டாள்.

"நான் கேட்டேன், நீ முடியாதுன்னுட்ட. அதுக்கப்புறம் என்னத்தை எழுதறது?"

"நீ எப்ப கேட்ட?"

"நாப்பத்தேழுல. அந்தப் பார்மெனோன் லெட்டர்ல."

லியோனி கோப்பையை வைத்தாள். கொஞ்சம் சிந்தியது. "அது இலக்கணக் கேள்வி இல்லையா?"

"ஏவலுக்கும் வினையாலணையும் பெயருக்கும் வித்தியாசம் தெரியாதவனுக்கா ஏதென்ஸ்ல வேலை குடுத்தாங்க?"

"நேராக் கேட்டிருக்கலாமே, மடையா!"

"நேராக் கேக்கத் தெரிஞ்சிருந்தா நான் ஏன் செத்த பாஷையைப் படிக்கப் போறேன்?"

அவள் சிரிக்க ஆரம்பித்தாள். சிரிப்பு அழுகைப் பக்கம் திரும்பியபோது கைக்குட்டையைத் தேடினாள். அன்செல்ம் தன்னுடையதைக் கொடுத்தான். அதன் மூலையில் அவன் மனைவி தைத்த எழுத்து இருந்தது.

"அம்மாவை விட்டுட்டு வந்திருக்க மாட்டேன்" என்றாள் பிறகு. "ஆனா நீ கேட்டேங்கறது எனக்குத் தெரிஞ்சிருக்கணும். அது வேற."

அன்று பிரிவதற்கு முன் ஒரு ஏற்பாடு செய்துகொண்டார்கள். நாடகப் பெயர்களுக்கு வேர் அகராதி ஒன்று. முதல் பாதி எழுத்துகள் அவனுக்கு, பின்பாதி அவளுக்கு. பதின்மூன்று வருடம் மாதம் இரண்டு கடிதம் போய் வந்தன. அவன் திஜோனுக்கு வரவில்லை, அவள் ஏதென்ஸுக்குப் போகவில்லை. தபால்காரர் வரும் பதினொரு மணிக்கு, பள்ளியில்லாத நாளில், அவள் சன்னலை விட்டு நகரமாட்டாள். உறையைப் பிரித்ததும் படிக்கமாட்டாள். தாளை முகர்ந்து பார்ப்பாள். வெறும் தாள் வாசனைதான்.

அகராதி முடியும் தறுவாயில் அன்செல்ம் மாரடைப்பில் இறந்துபோனான். அடுத்த வருடம் ஜூன் மாதத்தில், கறுப்பு உடுத்திய குட்டையான அம்மாள் ஒருத்தி, இரண்டு மரப்பெட்டிகளோடு லியோனி வீட்டு வாசலில் வந்து நின்றாள்.

"நான் எவாந்தியா. அகராதிக்காக அவர் எழுதின சீட்டெல்லாம் இதுல இருக்கு. தபால்ல அனுப்ப மனசு வரல."

லியோனி அவளைச் சமையலறையில் உட்காரவைத்து, கோழி வேகவைத்துப் பரிமாறினாள். எவாந்தியா ஒரு வாய்கூடச் சாப்பிடவில்லை.

"ஒண்ணு கேக்கணும், மத்மசேல். இத்தனை வருஷமா அவர் உங்களுக்கு என்ன எழுதினார்?"

"பேரைப் பத்தி."

"பேரைப் பத்தி மட்டுமா?"

லியோனி அலமாரியைத் திறந்து கடிதக் கட்டுகளைக் கொண்டுவந்து அவள் முன்னால் வைத்தாள். எவாந்தியா மூக்குக்கண்ணாடி போட்டுக்கொண்டு ஒரு மணி நேரம் படித்தாள். பக்கத்துக்குப் பக்கம் வேர், விகுதி, கல்வெட்டு.

"அட கடவுளே! நான் பதிமூணு வருஷமா இதுக்கா வயிறெரிஞ்சேன்?" என்றாள்.

"எரிஞ்சது வீண்போகல" என்றாள் லியோனி. "நான் இதைத்தான் காதல் கடுதாசியாப் படிச்சேன்."

எவாந்தியா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். ரொம்ப நேரம் துடைத்தாள். பிறகு தட்டைத் தன் பக்கம் இழுத்து ஆறிப்போன கோழியைச் சாப்பிட்டாள். "உப்பு போதல" என்றாள்.

எட்டு நாள் தங்கி, இருவருமாகச் சீட்டுகளை வரிசைப்படுத்தினார்கள். புத்தகம் பின்னால் அன்செல்ம், லியோனி என்று இரண்டு பெயர்களோடு வெளிவந்தது.

எவாந்தியா வந்துபோன அந்த வருடம் செப்டம்பரிலேயே, ஐம்பத்தொன்பது வயதில், லியோனி முதன்முறையாக ஏதென்ஸுக்குப் போனாள். எவாந்தியா அவளை அன்செல்மின் அறையில் அவன் நாற்காலியில் உட்காரவைத்துவிட்டுக் காப்பி போடப் போனாள். மதியச் சாப்பாட்டு வேளை. கீழே சந்தில் பிள்ளைகள் பந்து உதைத்துக்கொண்டிருந்தார்கள். மாடிகளிலிருந்து அம்மாக்கள் கத்தினார்கள்.

"எபாமினோந்தா! சூப்பு ஆறிப்போகுது, ஏறி வாடா!"

"கலியோப்பி! செருப்பைப் போட்டுட்டு ஓடுடி!"

கல்லிலும் ஏட்டிலும் மட்டுமே அவள் கண்டிருந்த பெயர்கள் அழுக்கு முழங்காலோடு படியேறி ஓடின. எவாந்தியா காப்பியோடு வந்தபோது லியோனி அழுதுகொண்டிருந்தாள்.

"தினமுமா இப்படிக் கூப்பிடுவாங்க?"

"தினமும்தான். அவர் திட்டுவார், வேலை ஓடலைன்னு."

"எனக்கு இதை எழுதவே இல்லையே" என்றாள் லியோனி. "ஒரு லெட்டர்லகூட."